தனக்கொடியின் முகம்

சக்கரபாணிக்கு ஒரு கிறுக்கு உண்டு. படத்தில் யார் பேசினார்களோ, அவர்களுக்குத்தான் முதலில் போட்டுக் காட்டுவான். பத்து வருஷமாக ஆவணப்படம் எடுக்கிறான். மூடிய மில்லைப் பற்றி ஒன்று, பிள்ளைச்சாவடியில் கடல் தின்ற வீடுகளைப் பற்றி ஒன்று. எந்த டிவியும் சீண்டவில்லை. புதுச்சேரியில் கல்யாண வீடியோ எடுத்துத்தான் வயிற்றைக் கழுவினான். ஆனாலும் அந்த முதல் காட்சியை மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டான்.

2006இல் சேதராப்பட்டில் ஒரு கம்பெனியில் மெஷினுக்குள் சிக்கி ஒரு பெண்ணின் கை போனது. கம்பெனி அதை அமுக்கிவிட்டது. பக்கத்து மெஷினில் நின்ற தனக்கொடி ஒருத்திதான் கேமரா முன்னால் பேசச் சம்மதித்தாள். புருஷன் இல்லாதவள். மகள் துர்கா பத்தாவது படிக்கிறாள். அந்த வேலைதான் இருவருக்கும் சோறு.

“மூஞ்சி தெரியக்கூடாது சார். தெரிஞ்சா மறுநாளே கேட்டுக்கு வெளிய நிப்பேன்.”

“தெரியாதுக்கா. நான் பொறுப்பு” என்றான்.

ஜன்னலுக்கு முதுகு காட்டி உட்காரவைத்து, வெறும் கறுப்பு உருவமாக எடுத்தான். அடேயப்பா, என்ன பேச்சு! ஓர் இடத்தில்கூடத் திக்கவில்லை. இந்தப் படம் தன்னைக் கரையேற்றிவிடும் என்று அவன் நம்பினான்.

தன் வழக்கப்படி முதலில் அவள் ஊரிலேயே, மாரியம்மன் கோயில் திடலில் வெள்ளை வேட்டியைக் கட்டிப் படம் போட்டான். கறுப்பு உருவம் வாயைத் திறந்ததுதான் தாமதம், குரலை வைத்தே கண்டுபிடித்து முன்னால் உட்கார்ந்திருந்த பெண்கள் கைதட்டினார்கள்.

“ஏய், நம்ம தனக்கொடிடீ!”

“அக்கா, பின்னிட்டக்கா!”

விசில் பறந்தது. எல்லாம் பாசம்தான், பாவிகளுக்கு வேறென்ன? டீக்கடையோரம் பைக்கில் சாய்ந்து நின்ற கம்பெனி சூப்பர்வைசர் ராமலிங்கமும் கேட்டுக்கொண்டுதான் இருந்தான். சக்கரபாணி ஓடிப்போய்ச் சத்தத்தைக் குறைத்தான். பெயர் திடல் முழுக்கக் கேட்டபிறகு குறைத்து என்ன பிரயோஜனம்?

மறுநாள் காலை அவளைக் கேட்டிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள். கேள்விப்பட்டும் அவள் வீட்டுக்குப் போக அவனுக்கு ஒரு வாரம் தைரியம் வரவில்லை.

“உங்களத் திட்டி என்னா ஆவப்போவுது” என்றாள் தனக்கொடி. “வேலதான் போயிடுச்சே, இனிமே எதுக்கு சார் இருட்டு? என் மூஞ்சியக் காட்டிடுங்க. நான்தான் சொன்னேன்னு தெரியட்டும்.”

காட்டுவதற்கு முகம் ஏது? டேப்பில் இருந்தது இருட்டு மட்டும்தான். தலையைக் குனிந்துகொண்டு அதைச் சொன்னான்.

“அப்ப இப்ப எடுங்க.”

வெளிச்சம் முகத்தில் விழும்படி ஜன்னலைப் பார்த்து உட்கார்ந்தாள். துர்கா அம்மாவின் முடியை ஒதுக்கிவிட்டாள். அவன் கேமராவை ஓடவிட்டான்.

“அன்னைக்குச் சொன்னதையே சொல்லுங்கக்கா.”

தனக்கொடி வாயைத் திறந்தாள், மூடினாள். ஜன்னலுக்கு அந்தப் பக்கம், திடலில் முதலில் கைதட்டிய எதிர்வீட்டுக்காரி கேமராவைப் பார்த்ததும் அவசரமாகக் கதவைச் சாத்திக்கொண்டாள். அவளுக்கும் அதே கம்பெனியில்தான் வேலை.

“இவங்களுக்காவத்தான் சார் பேசினேன்” என்றாள் தனக்கொடி. “இப்ப என்னப் பாத்தாலே தெரு மாறிப் போறாங்க. யாருக்குன்னு பேசறது?”

டேப் ஓடிக்கொண்டே இருந்தது. நிறுத்த அவனுக்குக் கை வரவில்லை.

துர்காதான் எழுந்துபோய் ஜன்னலைச் சாத்தினாள்.