ஏந்திய கைகள்

"பள்ளவாய்ல தண்ணிக் குழாய் வச்சா மண்ணு வந்து மூடிரும்னு மாமாகிட்டச் சொல்லுங்க அத்தை," என்று முணுமுணுத்தாள் ஜிபார்.

மாமனார் ஒமூர்குல் கைக்கெட்டும் தூரத்தில்தான் ரொட்டியைப் பிய்த்துக்கொண்டிருந்தார். இருந்தாலும் மருமகள் பேச்சு மாமியார் ஊல்கான் வழியாகச் சுற்றிக்கொண்டுதான் அவரிடம் போகவேண்டும்.

"மண்ணு மூடிருமாம்."

"அதையெல்லாம் ஊர்க்கூட்டம் பார்த்துக்கும். கிண்ணம் காலின்னு அவகிட்டச் சொல்லு."

ஜிபார் பாதிக் கிண்ணம் தேநீர் ஊற்றினாள். விளிம்புவரை ஊற்றினால் 'எழுந்து போ' என்று அர்த்தம். ஊற்றிவிடலாமா என்று கை ஒரு கணம் யோசித்தது. ஜிபாரின் வீரமெல்லாம் கையளவில்தான். வாய்க்கு வந்து சேராது.

போன பனிக்காலத்தில் ஆற்றுத் தண்ணீர் சுமந்து வந்தபோது சறுக்கி விழுந்தாள். வயிற்றில் இருந்தது போயிற்று. இப்போது மறுபடியும் நிறைந்திருந்தது. குழாய் நிலைத்தால்தான் இதுவாவது நிலைக்கும்.

எங்கே நிலைக்கும் என்பது ஆற்றங்கரையில் தண்ணீர் மொள்ளும் பெண்களுக்குத் தெரியும். பள்ளவாயில் கொடி கட்டி, வசந்தத்துச் சேற்றில் துணியோடு கொடியையும் பறிகொடுத்தவள் கலிப்பா. பள்ளிக்கூட வளைவில் பனி முதலில் உருகுவதை ஆடு ஓட்டும் ஒருத்தி பார்த்திருந்தாள். அங்கே கிழங்குக்குழி தோண்டியவளுக்கு மண் கெட்டி என்று தெரியும். ஆளுக்கொரு துண்டாக ஒட்டிப் பார்த்தார்கள், இடம் கிடைத்துவிட்டது.

"நீயே எழுந்து சொல்லுடி," என்றாள் கலிப்பா. "உன் மாமனார்தானே தலைவர்."

"அதனாலதான்டி பயமா இருக்கு."

ஊர்க்கூட்டத்துக்கு நகரத்திலிருந்து திலேக் என்ற அதிகாரி வந்திருந்தான். மக்களே முடிவெடுக்க வேண்டும், பெண்களும் பேச வேண்டும் என்று அழகாகப் பேசினான். பெண்கள் பின்சுவரோரம் தேநீர்க் கெண்டிகளோடு நின்று கேட்டார்கள். ஆண்கள் பள்ளவாய் என்றார்கள். மசூதிக்குப் பக்கம், கைகால் கழுவ வசதி.

"பள்ளவாய்க்குச் சம்மதம்னா கை தூக்குங்க," என்றான் திலேக்.

அந்த நேரம் பார்த்து ஜிபார் கெண்டியோடு முன்னால் வந்தாள். பெரியவர்களுக்கு முன்னால் வந்துவிட்டால் மருமகள் முதலில் குனிந்து வணங்க வேண்டும். வணங்கினாள். வாயைத் திறப்பதற்குள், காது மந்தமான மாம்பெத் கிழவர் மனம் குளிர்ந்துபோனார்.

"நல்லா இரும்மா! ஆம்பளப் புள்ளயா பெத்துப்போடு!" என்று இரண்டு உள்ளங்கைகளையும் ஏந்தி ஆசி சொல்லத் தொடங்கினார்.

ஆசிக்குக் கை ஏந்தாமல் இருப்பார்களா? பெண்கள் கெண்டிகளைக் கீழே வைத்துவிட்டு ஏந்தினார்கள். ஜிபாருக்கு மட்டும் வைக்க இடமில்லை. திலேக் ஏந்திய கைகளைப் படம் எடுத்துக்கொண்டான். அது ஆசி என்று அவனுக்கும் தெரியும். கணவாயில் பனி இறங்குமுன் ஊர் திரும்ப வேண்டும் என்பதும் தெரியும்.

"ஓமீன்!" எல்லாக் கைகளும் முகத்தை வழித்து இறங்கின. ஆசி முடிந்தால் கூட்டமும் முடிந்தது. அதற்குப் பிறகு யாரும் உட்காருவதில்லை. ஜிபார் கெண்டியோடு பின்சுவருக்கே திரும்பினாள்.

'ஏகமனதாக, பெண்களும் உட்பட' என்று செய்தித்தாளில் படத்தின் கீழ் அச்சாகி வந்தது.

வசந்தத்தில் சேறு வந்து குழாயைக் கொண்டுபோயிற்று. ஜிபார் மகளை முதுகில் கட்டிக்கொண்டு ஆற்றுக்கே போனாள்.

மறுபடியும் கூட்டம். திலேக்கும் வந்தான்.

"அதே இடம்தான்," என்றார் ஒமூர்குல். "இந்தத் தடவை ஆழமாப் புதைப்போம்."

மாம்பெத் கிழவர் வழக்கம்போல உள்ளங்கைகளை ஏந்தினார். முன்வரிசைக் கைகள் ஏந்தின. பின்சுவரோரம் ஒரு கையும் அசையவில்லை.

"கெண்டியைக் கீழ வைங்கடி!" என்று பல்லைக் கடித்தாள் ஊல்கான்.

"சூடா இருக்கு அத்தை," என்றாள் கலிப்பா. "வச்சா தரை கெட்டுப்போகும்."

திலேக் படக்கருவியை எடுத்தான், சுவரோரம் பார்த்தான், முன்வரிசை மட்டும் தெரியும்படி கொஞ்சம் கிட்டே போய் நின்றுகொண்டான்.

"ஓமீன்!"

ஜிபார் நடந்து வந்தாள். திலேக்கின் கிண்ணத்தை எடுத்தாள். ஊற்றினாள், விளிம்பு தொட்டும் நிறுத்தவில்லை. பிறகு மாமனாரின் கிண்ணத்தைக் கையில் எடுத்தாள்.