ஒதெத் மார்சூ: முதல் அரை நிமிடம், கடைசி அரை நிமிடம்

1

இந்தக் கதை ஒரு கேசட் அட்டையிலிருந்து பிறந்தது என்று முதலில் எழுதியிருந்தேன். அது பாதி உண்மை. [மீதியை மூன்றாம் பகுதிவரை தள்ளிப்போடுகிறேன்.]

முதல் தொடக்கம்: "பாரிஸில் ஒரு கையுறைக் கடையில் வேலை பார்த்த ஒதெத் மார்சூ..." நான் பார்க்காத ஊர், பார்க்காத கடை. அடித்துவிட்டேன்.

இரண்டாவது: 1989, ஓசூர் சிப்காட்டில் ஒரு கேசட் கம்பெனி. பக்கத்துக்கு ஒரு பாட்டு வைத்த சின்ன கேசட்டுகள் வெளிநாட்டுக்குப் போயின. நானும் மாதேஸ்வரியும் ஒரே மேஜையில் செக்கிங். ஒவ்வொரு பாட்டிலும் முதல் அரை நிமிடமும் கடைசி அரை நிமிடமும் கேட்டு, அவரவர் எண் போட்ட முத்திரையைக் குத்த வேண்டும். நடுவைக் கேட்டால் டார்கெட் முடியாது.

ஆறு மாதம், கேசட் அட்டையில் இருந்த பிரெஞ்சுப் பாடகி ஒதெத் எங்கள் காதுக்குள் நுழைந்தாள், வெளியேறினாள். இரண்டு துண்டையும் ஒட்டவைத்து, ஒரு சொல்லும் புரியாமல், கெலமங்கலம் பஸ்ஸில் மாதேஸ்வரி பாடுவாள்.

"உள்ள வரப்ப சிரிச்சிக்கினு வர்றா, போறப்ப மூக்கடைச்சிக்கினு போறா. நடுவுல இவளுக்கு என்னமோ ஆயிருக்குதுடி மேகலா" என்பாள்.

2

கைபேசியில் தேடியதில் கிடைத்த ஒதெத் இவ்வளவுதான். பதினொரு படங்கள், ஒன்பதில் கதாநாயகியின் தோழி. ஒன்றில் மதுக்கடையில் பாடுகிறாள், இரண்டாம் வரியிலேயே கேமரா அவளைத் தாண்டிக் கதாநாயகனிடம் போய்விடுகிறது. மூன்று இசைத்தட்டுகள். அப்புறம் எட்டு வருடம் எதுவுமில்லை. கடைசியாகத் தொலைக்காட்சித் தொடரில் வீட்டுக்காரம்மா வேடம்.

[அந்த எட்டு வருடத்துக்கு ஒரு காதலனைக் கொடுத்துப் பார்த்தேன். பிறகு ஒரு நோயை. இரண்டும் என் வசதிக்காகக் கொடுத்தவை. திரும்ப வாங்கிக்கொண்டேன்.]

3

ஒரு சனிக்கிழமை மாதேஸ்வரி சீக்கிரம் கிளம்பிவிட்டாள். எனக்கு ஒரே ஒரு தட்டு கேசட்டுகள் பாக்கி. அன்றைக்கு ஏனோ ஒதெத்தின் நடுவைக் கேட்க ஆசை வந்தது. ஓடவிட்டேன். இரண்டு நிமிடம் ஒன்றுமே இல்லை. அடுத்த கேசட்டிலும் அப்படித்தான், அதற்கடுத்ததிலும். நாடாவில் ஏதோ கோளாறு.

சூப்பர்வைசர் சௌந்தரராஜனிடம் சொன்னால் எல்லாத் தட்டையும் முதலிலிருந்து பார்க்க வைப்பார், பஸ் போய்விடும். தொடக்கமும் முடிவும் சரியாகத்தானே இருந்தன. குத்திவிடலாம் என்று முடிவு செய்தேன். என் முத்திரையை எடுக்கக் கை வரவில்லை. பக்கத்தில் மாதேஸ்வரியுடையது இருந்தது

[இந்த வாக்கியத்தை முடிக்கத் தெரியவில்லை.]

கேசட்டுகள் திரும்பி வந்தன. மாதேஸ்வரியை வேலையைவிட்டு அனுப்பினார்கள். எத்தனையோ தட்டுகளில் அதுவும் ஒன்று, தான் குத்தியதுதான் என்றே அவள் நம்பினாள். நான் ஒரு வார்த்தை பேசவில்லை.

4

போன ஞாயிற்றுக்கிழமை அவள் வீட்டுக்குப் போனேன். பசுமைக்குடிலில் ரோஜாவை நீளம் பார்த்துக் கட்டுகிற வேலை அவளுக்கு, விரலெல்லாம் கீறல். கைபேசியில் முழுப் பாட்டும் கிடைத்துவிட்டது என்று சொன்னதும் டிவியை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். நடுப்பகுதி வந்தபோது இருவருமே அசையவில்லை. நானும் அப்போதுதான் முதல்முறை கேட்கிறேன்.

"இத்தினி இருந்துச்சா உள்ள" என்றாள். பிறகு, "முப்பத்தாறு வருசமா நெனச்சிக்கினு இருக்கறேன். அன்னிக்கி ஒரு வாட்டி நடுவுல கேட்டிருந்தன்னா தப்பிச்சிருப்பேன்" என்றாள்.

நான் அவளைப் பற்றி எழுதுவதாக மட்டும் சொன்னேன்.

"பல்லு எடுப்புன்னு போட்டுறாத. அச்சுல வரதுக்கு முந்தி எனக்குப் படிச்சிக் காட்டிரு."

சரி என்றேன்.

5

முடிவு ஒன்று: சொல்கிறேன். கதவைக் காட்டுகிறாள்.

முடிவு இரண்டு: சொல்லவில்லை. மறுபடி பாட்டைப் போடச் சொல்கிறாள்.

முடிவு மூன்று: அவளுக்கு எப்போதோ தெரியும். [எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். அதனாலேயே இதை நம்பவில்லை.]

மூன்றையும் உங்களிடமே விட்டுவிடுகிறேன். ஒன்று மட்டும் பாருங்கள்: இது இப்போது அச்சில் உங்கள் கையில் இருக்கிறது. அப்படியானால், நான் அவளுக்குப் படித்துக் காட்டியிருக்க வேண்டும். இல்லையென்றால், அவளுக்கு முன்னால் உங்களிடம் சொல்லிவிட்டேன்.