ஹேமுவுக்கு மேலே சிவப்புக் கோடுகள்

ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்கு, இரும்புலியூர் வாடகை வீட்டில் சுந்தரவல்லி மீன் ஆய்ந்துகொண்டே லோக்கல் கேபிள் சேனல் பார்த்துக்கொண்டிருந்தாள். டிராயிங் மாஸ்டர் அருண்ராஜின் நேரலை. வாரம் ஒரு நவீன ஓவியத்தையோ சிற்பத்தையோ காட்டி, "புரியணும்னு இல்ல. பாருங்க, என்ன தோணுதோ போன் பண்ணிச் சொல்லுங்க" என்பார். வெறும் கிறுக்கல் என்று கிண்டல் செய்கிறவர்களிடம்கூடக் கோபப்படமாட்டார். சுந்தரவல்லிக்கு அது பிடிக்கும். வட்டமும் கட்டமுமான படங்களில் எதையாவது கண்டுபிடித்து, ஆட்டோ ஓட்டும் கணவன் சம்பத்திடம் சொல்லிக்கொண்டே இருப்பாள்.

அன்று காட்டியது ஒரு பழைய கதவு.

"இத செஞ்ச ஆர்ட்டிஸ்ட் பழைய மரக்கடையில வாங்கினாராம். யாரோ ஒரு குழந்தையோட உயரத்த பென்சில்ல கோடு போட்டு வெச்சிருக்காங்க. பக்கத்துல ஹேமுன்னு பேரு."

கேமரா நெருங்கியது. நீல பெயின்ட். சுந்தரவல்லியின் கையெழுத்து.

ரோடு அகலப்படுத்த அவர்களுடைய பழைய வீட்டை இடித்தபோது, கதவை மட்டும் எடுத்துவரச் சொல்லிச் சம்பத்தை அனுப்பியிருந்தாள்.

"ஒடஞ்சி பூட்ச்சின்னு சொன்னியேயா?"

சம்பத் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தான். "அத டெய்லி பாத்துகினு எப்டி இருக்கறது வல்லி?"

"பென்சில் கோடு இதோட நின்னுடுது," என்றார் அருண்ராஜ். "மேல இருக்கற சிவப்புக் கோடெல்லாம் ஆர்ட்டிஸ்ட் போட்டது. அந்தக் குழந்தை அப்புறமும் வளந்திருக்கும் இல்லையா?"

ஹேமநாத்துக்கு ஒன்பது வயதில் மூளைக் காய்ச்சல் வந்தது. நாலே நாள். ஐந்து வருஷம் ஆகிவிட்டது.

செதில் ஒட்டிய கையோடு சம்பத்தின் செல்போனை எடுத்தாள். மூன்றாம் முறை லைன் கிடைத்தது.

"சார், அது எங்க வூட்டுக் கதவு. பென்சில் கோடு நான் போட்டது. ஹேமு என் புள்ள. ஒம்போது வயசுல பூட்டான்."

அருண்ராஜின் முகத்தில் பழைய சிரிப்பு கொஞ்ச நேரம் அப்படியே இருந்தது. பிறகு கேமராவுக்குப் பின்னால் யாரையோ பார்த்தார்.

"தெரியாதும்மா... எங்க யாருக்குமே தெரியாது. அந்தச் சிவப்புக் கோட்ட அழிக்கச் சொல்லட்டுமா?"

"வேணாம் சார்." மூச்சு வாங்கிக்கொண்டாள். "கடைசிக் கோடு எம்மாம் ஒயரம் கீது? டிவில தெரியல. நீங்க கொஞ்சம் பக்கத்துல நின்னு காட்டுறீங்களா?"

அவர் செருப்பைக் கழற்றினார். குதிகால் இரண்டும் கதவில் படும்படி, முதுகை நிமிர்த்தி, கைகளைத் தொடையோடு ஒட்டி நின்றார். கோடு அவர் தலைக்கு மேலே நான்கு விரல்கடை தள்ளி இருந்தது.

சம்பத் எழுந்து டிவி அருகே போனான். அருண்ராஜ் அசையாமல் நின்றுகொண்டிருந்தார், எப்போது விலகலாம் என்று யாராவது சொல்லட்டும் என்பதுபோல.