காட்டிக்கொடுத்தவன்

அந்தோணிசாமியின் நினைவுக் கூட்டத்துக்குப் போகச் சீனுவாசனும் அருணாவும் திண்டிவனத்தில் பஸ் ஏறினார்கள். விழுப்புரம் நெருங்கும்போது சீனுவாசன் அருணாவிடம் சொன்னார்.

“அந்தோணி இருந்த எடத்த போலீஸுக்குச் சொன்னது கோதண்டம் இல்ல. நான்தான்.”

நாற்பது வருடங்களுக்கு முன் அந்தோணிசாமி, சீனுவாசன், அருணா மூவரும் ஒரே கல்லூரி. அடுத்த அறுவடைக்குள் புரட்சி வந்துவிடும் என்று நம்பிப் படிப்பை விட்டார்கள். விழுப்புரத்தை அடுத்த காணைப் பக்கம் கரும்பு வெட்டும் கூலிகளைத் திரட்டினார்கள். அவர்களை ஒளித்துவைத்துக் கேப்பைக் களி போட்டவர் கூலியாள் கோதண்டம். ஒரு விடியற்காலை போலீஸ் கரும்புத் தோட்டத்தை வளைத்து அந்தோணிசாமியைச் சுட்டுக் கொன்றது. அதற்கு முன்பே பிடிபட்டு, பிறகு ஜாமீனில் வந்த சீனுவாசனை, வாயே திறக்காதவன் என்று தோழர்கள் கொண்டாடினார்கள். பழி கோதண்டத்தின் மேல் விழுந்தது. அவரைத் துரோகி என்று துண்டறிக்கை எழுதியவர் அருணா. அது ஊர்ச் சுவர்களில் ஒட்டப்பட்ட பத்தாம் நாள் கோதண்டம் தூக்குப் போட்டுக்கொண்டார்.

“மூணாவது நாளு நகத்தப் பிடுங்குனாங்க அருணா. தாங்க முடியல.”

“அத நான் கேக்கல. நான் நோட்டீஸ் எழுதுறப்ப நீ பக்கத்துலதான உக்காந்துகினு இருந்த?”

காணையில் இறங்கியதும் அருணா அவரை நேராகக் கோதண்டத்தின் மனைவி சின்னபொண்ணு வீட்டுக்கு அழைத்துப் போனார். மல்லாட்டைக் கடலை உரித்துக்கொண்டிருந்த கிழவி, சீனுவாசன் சொன்ன எல்லாவற்றையும் கை நிறுத்தாமல் கேட்டாள்.

“அவுரு செய்யலன்னு எனக்குத் தெரியும். எங்கிட்ட எதுக்கு சொல்ற? ஊர்ல சொல்லு. துரோகி மவளுன்னு எம் பொண்ண எவனும் கட்டல. தனியாதான் கெடக்கறா.”

முந்தானையை உதறிவிட்டு அவளே முன்னால் நடந்தாள்.

கூட்டத்தில் முப்பது பேர் இருந்தார்கள். சீனுவாசன் மைக்கைப் பிடித்து, “நான்தான் சொன்னேன்” என்று தொடங்கியதும் சலசலப்பு எழுந்தது. கூட்டம் நடத்தியவர் ஓடிவந்து மைக்கை அணைத்தார். “தோழர், ஒடம்பு சரியில்லன்னா உக்காருங்க.”

“எங்க வூட்டுக்காரரு பேர இன்னும் சொல்லலியே!” என்று சின்னபொண்ணு கத்தினாள்.

“கோதண்டம் காட்டிக்குடுக்கல!” மைக் இல்லாமலே சீனுவாசன் தொண்டை கிழியக் கத்தினார். அருணா எழுந்து அவர் பக்கத்தில் நின்றார். “அந்த நோட்டீஸ எழுதினவ நான். அது பொய்.”

யாரும் திட்டவில்லை. சிலர் எழுந்து வெளியே போனார்கள். பின்வரிசையில் சிலர் என்னவென்று பக்கத்தில் இருந்தவர்களிடம் விசாரித்தார்கள். கூட்டம் நடத்தியவர் அடுத்த பேச்சாளரை அழைத்தார்.

வாசலில் சின்னபொண்ணின் கையைப் பிடிக்கப் போன அருணாவை அவள் விலக்கினாள்.

“பொண்ணுகிட்ட நான் சொல்லிக்கிறேன். நீங்க ரெண்டு பேரும் இனிமே எங்க வூட்டுப் பக்கம் வராதீங்க.”