மாவுப் பெட்டியில் ஓர் அரசி

1

இந்தக் கதை என்னுடையதல்ல. பக்கத்து வீட்டு எவாரிஸ்தோ பழைய ரொட்டியைப் பிய்த்துப் போட்டுப் பூண்டோடு வதக்கிக்கொண்டிருந்தபோது, அடுப்பிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்ன ஒரு வாக்கியத்திலிருந்து திருடியது.

“எங்க வீட்டு மாவுப் பெட்டியில ஒரு ராணி பனிக்காலம் பூரா படுத்திருந்தா, தெரியுமா?”

“எந்த ராணி?”

“அது தெரிஞ்சா நான் ஏன்யா உன்கூட உக்காந்து திங்கிறேன்? டிவியில இல்ல இருப்பேன்.”

வாணலியில் திராட்சையைத் தூவிவிட்டு மழையைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார். ஸ்பெயினின் அரகோன் மலையடிவாரத்து இந்தச் சிற்றூருக்கு நான் வந்து இருபது வருடமாகிறது. ஜன்னலைத் திறந்தால் காட்டுக்கு மேலே பாழடைந்த மடம் தெரியும். அங்கே அரசர்களையும் அரசிகளையும் புதைத்திருந்தார்கள் என்பதும் தெரியும். ஆனால் அவர்களில் ஒருத்தி இறங்கிவந்து, நான் தினமும் உப்பு கடன் வாங்கும் வீட்டில் தங்கியிருந்தாள் என்பது தெரியாது.

(மடத்தின் பெயரைச் சொல்லப்போவதில்லை. இந்தக் கதைக்காக நானே கட்டிய மடம் அது. வரைபடத்தில் தேடாதீர்கள்.)

2

முதலில் இப்படித் தொடங்கினேன்:

“அரகோனின் அரசர்கள் பைரனீஸ் மலையிலிருந்து இறங்கி வந்தார்கள். சரகோசாவை வென்றார்கள். கடலை அடைந்தார்கள். கடலைத் தாண்டி சிசிலியை, சார்தீனியாவை, நேப்பிள்ஸை…”

மூன்று பக்கம் போயிற்று. அதில் ஒரு மனிதர்கூட இருமவில்லை. கிழித்துவிட்டேன்.

இரண்டாவது: “1835இல் மடங்களைக் கலைக்கும் அரசாணை வந்தபோது, நாடு ஏற்கெனவே உள்நாட்டுப் போரால்…” இது பாடப்புத்தகம். இதுவும் வேண்டாம்.

மூன்றாவது: “ஒரோசியாவுக்கு ஒரு கதவு வேண்டியிருந்தது.”

இது பரவாயில்லை. இதைப் பிடித்துக்கொண்டே போகிறேன், வாருங்கள்.

3

ஒரோசியாவுக்கு ஒரு கதவு வேண்டியிருந்தது. தொழுவத்துக் கதவு உளுத்துப்போயிருந்தது. பனி விழுந்தால் ஓநாய் வரும். முந்தைய வருடமாக இருந்தால் அவள் கணவன் செய்து போட்டிருப்பான். அவனைக் காலரா கொண்டுபோய்விட்டது. சட்டையை மாற்றிவிடக்கூட அவளை விடவில்லை. மற்றவர்களோடு சேர்த்து ஒரே குழியில் தள்ளிச் சுண்ணாம்பைக் கொட்டினார்கள். எந்த இடம் என்று காட்டக்கூட யாரும் இல்லை.

வீட்டில் இப்போது அவளும், கணவனின் தம்பி ப்ளாஸும், அவன் மனைவி எங்ராசியாவும். எங்ராசியாவுக்கு நிறைமாதம் நெருங்கிக்கொண்டிருந்தது.

அந்த 1835 கோடையில்தான் அரசாணைப்படி துறவிகள் மடத்தை விட்டுப் போனார்கள். அவர்கள் போன மறுநாளே ஊர் ஆண்கள் சிலர் நகை தேடி அரசர்களின் கல்லறைகளை உடைத்தார்கள். ப்ளாஸும் சம்மட்டியோடு போனான். துருப்பிடித்த ஓர் இடைவார்க் கொக்கியோடு திரும்பி வந்தான்.

“ராஜாவும் நம்மள மாதிரிதான் மதினி. உள்ள எலும்பு. வேற ஒரு மண்ணும் இல்ல” என்றான்.

இலையுதிர் காலத்தில், ஊரே ஓடும் உத்திரமுமாய் மடத்தைப் பிரித்து எடுத்துக்கொண்டிருந்தபோது, ஒரோசியாவும் கழுதையை ஓட்டிக்கொண்டு மேலே போனாள்.

தேவாலயத்தின் கூரை போய்விட்டிருந்தது. வெயில் நேராக உள்ளே விழுந்தது. வாசலுக்கு எதிர்ச் சுவரில் ஓர் அரசர் நின்றுகொண்டிருந்தார். தோல் எலும்போடு ஒட்டிக் காய்ந்து, நல்ல உயரம். யாரோ அவரைச் சாய்த்து நிறுத்திக் கையில் ஒரு விளக்குமாற்றைச் செருகியிருந்தார்கள்.

ஒரோசியா சிரித்துவிட்டாள்.

(இந்த இடத்தில் “சிலுவைக் குறி போட்டு அழுதாள்” என்றுதான் எழுதியிருந்தேன். எவாரிஸ்தோவிடம் படித்துக் காட்டியபோது கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். “அழல்லாம் இல்ல. சிரிச்சாளாம். எங்க வீட்ல அப்படித்தான் சொல்லுவாங்க. நீ உன் இஷ்டத்துக்கு அழ வைக்காத.”)

சிரிப்பு கூரையில்லாத அந்த வெளியில் சுற்றித் திரும்பி அவளிடமே வந்தது. அப்போதுதான் காலடியில் கிடந்தவளைப் பார்த்தாள்.

குள்ளமான பெண். முழங்காலுக்குக் கீழே உடைந்திருந்தது. பட்டு என்று இருந்ததெல்லாம் புழுதியாகிவிட்டது. பின்னல் மட்டும் அப்படியே இருந்தது. செம்பட்டை நிறத்தில், இன்று காலை யாரோ பின்னிவிட்டதுபோல் இறுக்கமாக. சவப்பெட்டியிலிருந்து தூக்கி எறிந்ததில் வயிற்றுத் தோல் கிழிந்திருந்தது. உள்ளே, பெரிய மாதுளம்பழ அளவில், ஒரு தலை. அதன் கீழே கோழிக்குஞ்சுக்கு இருப்பதுபோன்ற விலா எலும்புகள்.

ஒரோசியா கதவை மறந்தாள்.

4

கதையை இங்கே கொஞ்சம் நிறுத்துகிறேன். எழுதும்போது என் கையும் இங்கேதான் நின்றது.

ஸ்பெயின் கொடியில் உள்ள சின்னத்தைப் பாருங்கள். ஒரு கோட்டை, ஒரு சிங்கம், சிவப்புக் கோடுகள், ஒரு சங்கிலி, அடியில் ஒரு மாதுளை. ஒவ்வொன்றும் ஒரு காலத்தில் தனி அரசு. காஸ்தீயா, லெயோன், அரகோன், நவார்ரா, கிரனாதா. வாளால் சேர்ந்தவை உண்டு. திருமணத்தால் சேர்ந்தவையும் உண்டு. அரகோனும் காஸ்தீயாவும் சேர்ந்தது அப்படித்தான். அந்தச் சேர்க்கைகூட ஒருமுறை நூலிழையில் தப்பியது. காஸ்தீயாவின் இஸபெல் இறந்தபின் அரகோனின் ஃபெர்னாந்தோ மறுமணம் செய்துகொண்டார். 1509இல் ஓர் ஆண் குழந்தை பிறந்தது. சில மணி நேரம் உயிரோடு இருந்தது. அது வளர்ந்திருந்தால் அரகோன் அதற்குப் போயிருக்கும். நான் இன்று உட்கார்ந்திருக்கும் நாட்டின் பெயரே வேறாக இருந்திருக்கலாம். ஒரு சிசு மூச்சு விட்டதும் விடாததுமாக எல்லைக்கோடுகள் நகர்ந்திருக்கின்றன.

ஒரோசியாவின் காலடியில் கிடந்த குழந்தை யாருடைய வாரிசு, எந்தக் கடலைத் தாண்டியிருக்கும், யாருக்கும் தெரியாது. அது மூச்சே விடவில்லை. அவளுக்கு இந்த வரலாறும் தெரியாது. ஆனால் நான் இத்தனை புத்தகம் புரட்டிய பிறகு வந்த அதே நடுக்கம், அவளுக்கு நின்ற இடத்திலேயே வந்திருக்கும் என்று நம்புகிறேன்.

5

ஒரோசியா அவளைப் போர்வையில் சுற்றிக் கழுதை மேல் ஏற்றினாள்.

“அத்தன ராஜா ராணி கெடக்கும்போது இவள மட்டும் ஏன் கொண்டுவந்தா?” என்று எவாரிஸ்தோவைக் கேட்டேன். பெரிய விளக்கமாக எதிர்பார்த்தேன்.

“கழுதை ஒண்ணுதானே இருந்துச்சு.”

ரொட்டி மாவு வைக்கவும் பிசையவும் இருந்த பெட்டியைத் தவிர, வீட்டில் அவ்வளவு பெரிய மூடி போட்ட பெட்டி வேறு இல்லை. மாவைக் கொட்டிவிட்டு, சுத்தமான துணி விரித்து, அதில் கிடத்தினாள். உடைந்த கால்களை அருகில் வைத்தாள். அப்போது ப்ளாஸ் உள்ளே வந்தான்.

“இதென்ன மதினி?”

“பார்த்தா தெரியலையா?”

“புத்தி கெட்டுப்போச்சா உனக்கு? பொணத்த வீட்டுக்குள்ள… எங்ராசியா புள்ளத்தாச்சி!”

“அவளுந்தான்.”

“எவ?”

ஒரோசியா துணியை விலக்கினாள். ப்ளாஸ் பார்த்தான். முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

“நான் பார்க்கல” என்றான். “சத்தியமா அன்னைக்கு இத நான் பார்க்கல. இருட்டுல இழுத்துப் போட்டோம்.” பிறகு, “நாளைக்கே கொண்டுபோய்ப் போட்டுடு. இல்லன்னா நானே போய்ச் சொல்லிடுவேன்.”

எங்ராசியா வயிற்றைப் பிடித்துக்கொண்டு பெட்டியருகே மெல்லக் குனிந்தாள்.

“அக்கா, இவளுக்கு எத்தனை மாசம் இருக்கும்?”

“உனக்கு இருக்கிற மாதிரிதான்.”

“தலைய வாரிவிட்டிருக்காங்க” என்றாள் எங்ராசியா. “போற நேரத்துல யாரோ உக்காந்து பின்னிவிட்டிருக்காங்க, பாரேன்.” பிறகு கணவனிடம், “எங்கயும் போகமாட்டா. இவ இங்கதான் இருப்பா.”

“அப்ப மாவ எதுல பிசையிறது?”

“உன் தலையில பிசையி.”

அன்றிலிருந்து அவர்கள் மாவைப் பக்கத்து வீட்டில் பிசைந்தார்கள். பெட்டியில் பூச்சி பிடித்துவிட்டது என்று சொல்லிவைத்தார்கள்.

6

நவம்பரில் நகராட்சியிலிருந்து உத்தரவு வந்தது. மறுபடி காலரா வந்துவிடும் என்ற பயம். மடத்தில் சிதறிக் கிடக்கும் எலும்பையெல்லாம் சுண்ணாம்புக் காளவாயில் போட வேண்டும், எடுத்துப் போனவர்கள் ஒப்படைக்க வேண்டும், மறைத்தால் சிறை. ஒரோசியாவின் கழுதை மேல் எதையோ பார்த்ததாக ஆடு மேய்ப்பவள் ஒருத்தி சொல்லிவிட்டாள்.

ஒரு காலையில் ஊர்க்காவல் படைத் தலைவன் மக்காரியோ இரண்டு பேரோடு வந்தான். ப்ளாஸின் குடித்தோழன் அவன். கல்லறை உடைக்கப் போனவர்களில் ஒருவன். மற்ற இருவரையும் வாசலில் நிறுத்திவிட்டு உள்ளே வந்தான். எங்ராசியா பெட்டி மேல் உட்கார்ந்திருந்தாள்.

“கொஞ்சம் எந்திரிம்மா.”

“முடியாது. வேணும்னா நீயே தூக்கிக் கீழ விடு.”

மக்காரியோ ப்ளாஸைப் பார்த்தான். “என்னடா?”

ப்ளாஸ் ஒரோசியாவைப் பார்த்தான். பிறகு மனைவியின் கையைப் பிடித்து மெதுவாக எழுப்பிவிட்டு, பெட்டியின் மூடியைத் தானே திறந்தான்.

(ஏன் திறந்தான்? இந்த வரியில் ஒரு மாதம் உட்கார்ந்திருந்தேன். காட்டிக்கொடுக்கத் திறந்தான் என்று ஒரு தடவை எழுதினேன். பயத்தில் திறந்தான் என்று ஒரு தடவை. இரண்டையும் அடித்தேன். அத்தனை வாரமாக, தான் செய்ததைத் தனியே சுமந்தவனுக்கு, அன்று கல்லறை உடைக்கக் கூட வந்தவனும் ஒருமுறை பார்க்கட்டும் என்று தோன்றியிருக்கும். ப்ளாஸை எனக்கு இன்னும் சரியாகத் தெரியவில்லை. ஆனால் அவன்தான் திறந்தான்.)

மக்காரியோ குனிந்தான். தொப்பியைக் கழற்றினான்.

“யாரு இது?”

“தெரியல” என்றாள் ஒரோசியா.

“உள்ள… அது…”

“ஆமா.”

வாசலில் நின்றவர்களில் ஒருவன், “என்னண்ணே, என்ன இருக்கு?” என்று குரல் கொடுத்தான்.

தூங்கும் குழந்தையின் மேல் போர்வையை இழுத்துவிடுவதுபோல் மக்காரியோ மூடியைச் சாத்தினான்.

“மாவு!” என்று வெளியே பார்த்துக் கத்தினான். பிறகு ப்ளாஸிடம் மட்டும் தாழ்ந்த குரலில், “அந்த ராஜா கையில வெளக்கமாத்த வெச்சது நான்தான்டா.”

தொப்பியைப் போட்டுக்கொள்ளாமலே தெருவில் இறங்கிப் போனான்.

7

டிசம்பரில் எங்ராசியாவுக்குப் பெண் பிறந்தது. தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள். இதில் எனக்கு வேறு வழியில்லை. அவர்களைச் சாகடித்தால் அந்தப் பெண்ணின் வழிவந்த எவாரிஸ்தோ அடுப்பருகே நிற்க முடியாது. நானும் இதை எழுத முடியாது.

வசந்தம் வந்ததும் அரசி பெட்டியை விட்டுப் போனாள். எங்கே போனாள் என்பதில்தான் குழப்பம்.

எவாரிஸ்தோ சொல்வது: நகரத்துப் பெரிய தேவாலயத்திலிருந்து ஒரு பாதிரியார் வண்டியோடு வந்து வாங்கிக்கொண்டு போனார். இன்று அங்கே கைகூப்பிப் படுத்திருக்கும் கல் அரசிக்கு அடியில் இருப்பவள் அவளே.

அவருடைய அக்கா லெயோகாதியா சொல்வது: “அவன் கெடக்கான். பாதிரியாருக்குக் குடுத்தது வேற யாரோட எலும்போ. ஒரோசியா தன் புருஷனுக்குக் குழி கூட வெட்ட முடியாதவ. ராணிய விட்டுருவாளா? எங்க குடும்பக் கல்லறையிலதான் இருக்கா, புள்ளையோட.”

நான் எழுதிப் பார்த்தது: “மழை ஓய்ந்த ஒரு காலையில் மூன்று பேரும் மடத்துக்கு ஏறி, உடைந்த அதே கல்லறையில்…” ப்ளாஸ் அதற்குச் சம்மதிப்பானா என்று தெரியவில்லை. வாக்கியம் அப்படியே கிடக்கட்டும்.

இந்தக் காலத்தில் எலும்பைச் சோதித்தால் எல்லாம் தெரிந்துவிடும் என்று லெயோகாதியாவிடம் சொன்னேன்.

“ஒரு தடவை தோண்டினது போதாதா உங்களுக்கு?” என்றார்.

அந்த வருடம், கல்லறைகளுக்குப் பூ வைக்கும் அனைத்துப் புனிதர் திருநாளன்று அவரோடு கல்லறைத் தோட்டத்துக்குப் போனேன். குடும்பப் பெயர் பொறித்த கல்லைத் துடைத்து, ஒரு பெரிய சாமந்தித் தொட்டியை வைத்தார். பிறகு பையிலிருந்து இன்னொன்றை எடுத்தார். கைக்குள் அடங்கும் சின்னத் தொட்டி. அதைக் கல்லின் ஓரமாக வைத்தார்.

“இது யாருக்கு?”

“அதுக்குத்தான் இன்னும் பேரே வைக்கலையே.”

நானும் வைக்கவில்லை. இளவரசனா, இளவரசியா என்பதைக்கூட எழுதாமல் விட்டிருக்கிறேன். தாயோடு அது எந்தக் கல்லுக்கு அடியில் உறங்க வேண்டும் என்பதை நீங்கள் சொல்லுங்கள். பெயரையும் நீங்களே வையுங்கள்.