சத்தம் போடாத விரியன்

ஈர மணலில் பூனைக் காலடி!

ஒத்திலியா அப்படியே நின்றுவிட்டாள். தீவைக் காவல் காக்கும் மீனவர் குழுவில் அவளுக்கு இது ஆறாவது வருஷம். கடைசிப் பூனையையும் பிடித்து அக்கரைக்கு அனுப்பியாகிவிட்டது. உலகத்தில் இந்தத் தீவை விட்டால் வேறெங்கும் இல்லாத, பூனைகள் தின்று குறைந்துபோன இந்த வகைக் கிலுகிலுப்பை விரியன் இனிப் பிழைத்துக்கொள்ளும் என்று நேற்றுவரை நிம்மதியாக இருந்தாள்.

"நினோ! பூனை கொண்டாந்தியாடா?"

படகில் வலை மடித்துக்கொண்டிருந்த கொழுந்தன் நிமிரவேயில்லை.

"மாவு மூட்டையை எலி கடிக்குது அண்ணி. ரெண்டே நாளைக்குத்தான்னு..."

"எலிக்குப் பயந்த நீ சுறா பிடிக்க வந்திருக்கே! எங்க அது?"

"நேத்தே குதிச்சு ஓடிட்டா. திட்டாதீங்க... சினையா வேற இருக்கா."

ஒத்திலியா அவனையும் இழுத்துக்கொண்டு தடத்தின் பின்னால் நடந்தாள். இங்கே குட்டி போட்டால் போச்சு. ஆறு வருஷப் பாடும் பாழ்.

காலடித் தடம் வறண்ட ஓடையில் ஏறியது. வெயில் மண்டையைப் பிளக்கும் நேரத்தில், ஒரு முட்புதருக்கு அடியில் பூனையின் பழுப்பு வால் ஆடுவது தெரிந்தது.

நினோ வழக்கம்போல் ஒரு கல்லைப் புதருக்குள் எறிந்து காதைத் தீட்டினான். அக்கரையில் எல்லோரும் செய்வதுதான். அங்கே விரியன் இருந்தால் வாலை ஆட்டிக் கிலுகிலுக்கும்.

"சத்தமே இல்ல அண்ணி." கையை உள்ளே நீட்டினான்.

"கையை எடுடா! இது சொல்லிட்டுக் கடிக்கிற ஜாதி இல்ல!"

மணிக்கட்டுக்கு எதிரே, கிளையைச் சுற்றிக்கொண்டு, சாம்பல் நிறத்தில் ஒரு சாண் விரியன். வால் துடித்தது. ஒலி இல்லை. மற்ற கிலுகிலுப்பை விரியனுக்குத் தோலுரிக்க உரிக்க வாலில் வளையம் சேரும். இதற்குத் தங்காது, உரித்த தோலோடு கழன்றுவிடும்.

நினோ அங்குலம் அங்குலமாகக் கையை இழுத்துக்கொண்டான். பூனையோ விரியன் மேல் பாயப் பதுங்கியது. விரட்டினால் மலைக்கு ஓடிவிடும், அப்புறம் பிடித்த மாதிரிதான்.

ஒத்திலியா மடியிலிருந்த ரொட்டியைப் பிரித்தாள். உள்ளிருந்த பொரித்த மீனை எடுத்துப் புதருக்கு இந்தப் பக்கம் வீசினாள்.

பூனையின் காது திரும்பியது. மூக்கு திரும்பியது. ஒரே தாவல்! அதன் மேல் நினோவின் சட்டை விழுந்தது.

"ஐயோ, என் மூக்கு!"

"விட்றாத! அப்படி ஒண்ணும் அழகான மூக்கு இல்ல!"

சட்டைக்குள் பூனை கத்தியது. ஒத்திலியா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. குனிந்து கிளையையே பார்த்தாள்.

"நினோ, இது இந்த வருஷத்துக் குட்டிடா. ஆறு வருஷத்துல இவ்ளோ சின்னதை நான் பார்த்ததே இல்ல."

"அப்ப இதோட ஆத்தா?"

"இங்கதான் எங்கேயோ இருப்பா. கூடப்பொறந்ததுங்களும்."

நினோ சட்டென்று ஒற்றைக் காலில் நின்றான். ஒத்திலியா சிரித்தபடியே அடுத்த புதரை நோக்கி நடந்தாள்.

"பூனையைப் படகுல அடைச்சிட்டு வா. நான் எண்ண ஆரம்பிக்கிறேன்."