பாதத்துக்கு மேல் நான்கு படிகள்

தபால் நிலையத்தின் பக்கச் சுவருக்கு மஞ்சள் அடிக்க ஏறிய பெயிண்டர் பத்து ஆண்டுகளாக அந்த ஏணியில் கீழிருந்து ஏழாவது படியில் நிற்கிறார். நேரம் காலை ஒன்பது முதல் மாலை ஆறு. ஆறு மணிக்கு இறங்கி வீட்டுக்குப் போவார். மறுநாள் தன் பாட்டுக்கு எங்காவது போய்க்கொண்டிருப்பார். யாராவது கைபேசியை நீட்டிக்கொண்டு அந்தச் சுவர் முன் வந்து நின்றால், அடுத்த நொடி ஏணியில் இருப்பார். வழிகாட்டி இல்லாமல் நகரத்தைச் சுற்றிப் பார்க்க விரும்புகிறவர்களுக்காக ஒரு புதையல் வேட்டைச் செயலி பத்து ஆண்டுகளுக்கு முன் வந்திருந்தது. பன்னிரண்டு இடங்கள், இடத்துக்கு ஒரு குறிப்பு. போய்ப் பார்த்து, எண்ணி, விடையைத் தட்டினால் அடுத்த குறிப்பு திறக்கும். பன்னிரண்டும் முடிந்தால் கைபேசி வாழ்த்துச் சொல்லும். புதையல் என்று தனியாக ஒன்றும் கிடையாது. ஒன்பதாவது குறிப்பு இது: தபால் நிலையத்தின் பக்கச் சுவரில் ஒருவர் ஏணியில் நின்று மஞ்சள் பூசுகிறார். அவர் பாதத்துக்கு மேல் ஏணியில் எத்தனை படிகள்? விடை நான்கு.

முதல் முறை அவர் பல் மருத்துவரின் நாற்காலியிலிருந்து போனார். வாயில் பஞ்சோடு ஏணியில் நின்று, கீழே மூன்று பேர் நிற்பதைப் பார்த்தார். அவர்கள் படிகளை எண்ணி, நன்றி சொல்லிவிட்டுப் போனார்கள். மச்சானின் திருமணத்தில் குடும்பப் படம் எடுத்தபோது போனார். அந்தப் படத்தில் அவர் மனைவிக்கும் மாமனாருக்கும் நடுவில் ஓர் ஆள் அகலத்துக்கு இடைவெளி இருக்கிறது. குளியலறையிலிருந்து வந்த நாட்களில் தலையில் சோப்பும் இடுப்பில் துண்டுமாக நின்றார். குறிப்பில் சட்டையைப் பற்றி எதுவும் இல்லை. சுவரும் முடியவில்லை. மாலைக்குள் கைக்கு எட்டியவரை அடித்துவிடுவார், காலையில் மஞ்சள் பழைய இடத்திலேயே நிற்கும். பூசுகிறார் என்று எழுதியிருக்கும்போது பூசுவதற்குச் சுவர் மிச்சம் இருந்தாக வேண்டும். மேஸ்திரி இரண்டு முறை ஏணியைத் தூக்கிக்கொண்டு போனார். இரண்டு முறையும் அது பெயிண்டருக்கு முன்னால் வந்து சேர்ந்திருந்தது. தபால் நிலையத்தின் கோப்பில் வேலை நடந்துகொண்டிருக்கிறது என்று இருந்ததால் அவரை நிறுத்தவும் வழியில்லாமல் போயிற்று.

பெயிண்டருக்கு அப்போது திருமணமாகி ஐந்து மாதம். மனைவி ஒரு சட்டைத் தொழிற்சாலையில் செக்கிங் பிரிவில் இருந்தாள். தைத்து வரும் சட்டைகளில் தொங்கும் நூலைப் பார்த்து வெட்டுவது வேலை. மதியம் இரண்டு முதல் இரவு பத்து வரை அவள் ஷிப்ட். இருவரும் சேர்ந்து இருக்கக்கூடிய பகல் ஞாயிற்றுக்கிழமை ஒன்றுதான். வேட்டைக்காரர்களுக்கும் அதுதான் தோதான நாள். அலுவலகக் குழுக்கள், புதுத் தம்பதிகள், முப்பது வருடம் கழித்துச் சந்திக்கும் பள்ளித் தோழர்கள் என்று வந்துகொண்டே இருப்பார்கள். சினிமாவுக்குப் போனால் இடைவேளைக்குப் பிறகான கதையை மனைவி வீட்டுக்கு வந்துதான் சொல்வாள். அவர் நழுவுகிறார் என்றே முதலில் நினைத்தாள். ஒரு ஞாயிறு, ஓடும் பேருந்தில் அவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது விரல்களுக்குள் ஒன்றும் இல்லாமல் போயிற்று. உள்ளங்கையில் மட்டும் கொஞ்சம் மஞ்சள் இருந்தது. அதன் பிறகு அவள் சந்தேகப்படவில்லை. கோபப்படுவது என்றால் யார் மேல் என்றுதான் தெரியவில்லை.

இப்படி இரண்டு வருடம் போயிற்று. ஒரு ஞாயிறு மாலை அவர் ஏணியிலிருந்து வந்து கை கழுவிக்கொண்டிருந்தபோது மனைவி கேட்டாள்.

"உங்களைத் தேடி ஊரே வருது. நான் எங்கங்க வந்து நிக்கிறது?"

"சுவர் முன்னாடி வந்து நில்லேன்" என்றார் பெயிண்டர்.

அது சொல்லியிருக்க வேண்டிய பதில் இல்லை என்பது சொன்ன பிறகு அவருக்குத் தெரிந்தது. அடுத்த வார இறுதியில் அவள் அக்கா இருக்கும் ஊருக்குப் போய்விட்டாள். வேலையைப் பற்றிக் கவலை இல்லை. எல்லா ஊரிலும் சட்டையில் நூல் தொங்கும்.

அக்காவின் ஊர் பேருந்தில் பதினாறு மணி நேரம். மாலை ஆறுக்கு ஏணியிலிருந்து இறங்கி ஆறரை வண்டியைப் பிடித்தால் மறுநாள் காலை பத்தரைக்குப் போய்ச் சேரும். செயலி ஒன்பதுக்குத் திறக்கும். முதல் குழு ஒன்பதேகாலுக்குச் சுவருக்கு வந்துவிடும். ஊர் வர இன்னும் ஒன்றேகால் மணி நேரம் இருக்கும்போது பெயிண்டர் இருக்கையிலிருந்து போய்விடுவார், பை மட்டும் ஊர் போய்ச் சேரும். முதல் முறை கண்டக்டர் பையைத் திறந்து, உள்ளே இருந்த முகவரிக்குச் சொல்லி அனுப்பினார். மனைவி வந்து வாங்கிக்கொண்டாள். சட்டையைத் துவைத்து, தொங்கிய நூலை வெட்டி, தளர்ந்த பித்தானை இறுக்கி, அதே வண்டி திரும்பும்போது கொடுத்தனுப்பினாள். பெயிண்டர் மாதம் இருமுறை கிளம்பினார். மாதம் இருமுறை பை போய் வந்தது. "ஆள் வராம பை மட்டும் வர்ற சம்பந்தத்தை இப்பத்தான் பாக்குறேன்" என்றாள் அக்கா. மனைவி காலரைத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஆறு மாதம் கழித்து, துவைத்த சட்டைகள் திரும்பி வருவதற்குக் கூடுதலாக ஒரு நாள் ஆகத் தொடங்கியது. பிறகு இரண்டு நாள். பெயிண்டர் அதைக் கவனித்தார். கண்டக்டரும் கவனித்தார்.

மூன்றாம் வருடம் குறிப்புகளைச் சரிபார்க்க ஒரு பெண் வந்தாள். அவள்தான் அவற்றை எழுதியவள். சுவர் முன் நின்று பார்த்தாள். பெயிண்டர் கையில் டீ டம்ளரோடு ஏணிக்கு வந்தார்.

"நீங்களேவா நிக்கிறீங்க?" என்றாள். "இவ்வளவு நாள் ஆச்சே, வேற யாராவது இருப்பாங்கன்னு நினைச்சேன்."

"நான்தான். எழுதினது நீங்களா?"

"அசையாத பொருளா பாத்து எழுதணும்னுதான் அண்ணே ரூல். அன்னைக்கு இந்தச் சுவர்ல இருக்கிற கல்வெட்டுல வரி எண்ண வந்தேன். பெயிண்ட் படாம இருக்க நீங்க போட்டிருந்த துணி அதை மூடியிருந்துச்சு. ஆபீஸ்ல பன்னெண்டு கேட்டாங்க. கையில பதினொண்ணுதான் இருந்துச்சு."

"துணியைக் கொஞ்சம் எடுங்கன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"சொன்னேன். நாலு தடவை. நீங்க காதுல மாட்டிக்கிட்டுப் பாடிட்டு இருந்தீங்க."

பெயிண்டருக்கு அது ஞாபகம் இருந்தது. டீயைக் குடித்து முடித்தார். குறிப்பை அழிக்க முடியுமா என்று கேட்டார். இரண்டு முறை அழித்ததாகவும், அதிகம் பேர் விடை சொன்ன குறிப்பு என்பதால் இரண்டு முறையும் காலையில் திரும்பி வந்துவிட்டதாகவும் அவள் சொன்னாள். சேர்க்க மட்டும் முடியும், வருடத்துக்கு ஒரு வரி. அவரிடமிருந்து கொஞ்சம் கொஞ்சமாகக் கதையைக் கேட்டுக்கொண்டவள், கடைசியில் மேலே பார்த்துச் சொன்னாள்.

"ஏணியடியில ஒரு பெண் நிக்கிறாங்கன்னு எழுதிடவா? அண்ணி எங்க இருந்தாலும் வந்துடுவாங்க."

இது காலை பதினொன்றுக்கு. பெயிண்டர் மாலை நான்கு வரை தூரிகையை இழுத்துக்கொண்டே இருந்தார். இடையில் எட்டுக் குழுக்கள் வந்து போயின. சுவரில் இரண்டு கை நீளம் மஞ்சள் ஏறியது. குறிப்பெழுதும் பெண் நடைபாதையில் உட்கார்ந்து காத்திருந்தாள். நான்கு மணிக்கு அவர், மனைவியைக் கேட்காமல் எழுத வேண்டாம் என்றார்.

அன்று மாலை மனைவிக்குப் போன் செய்து விஷயத்தைச் சொன்னார்.

"நான் வரலைன்னு சொன்னா?"

"எழுத மாட்டாங்க."

"அப்ப நீங்க என்ன பண்ணுவீங்க?"

"பை அனுப்புவேன்."

அந்தப் பக்கம் அக்காவின் வீட்டுக் குக்கர் மூன்று முறை கூவியது. பிறகு மனைவி, "நிக்கணுமா, உக்காரணுமா?" என்று கேட்டாள்.

பெயிண்டர் அதைக் கேட்டு வைத்திருக்கவில்லை.

"உக்கார்ற மாதிரி எழுதச் சொல்லுங்க. முதுகு சாயுற நாற்காலியா இருக்கட்டும். ஏணியெல்லாம் பிடிக்க மாட்டேன். ஞாயித்துக்கிழமை மட்டும்தான். மத்த நாள் எனக்கு வேலை இருக்கு. கையில என்னன்னு கேட்டா, நூல் வெட்டுற கத்தரின்னு போடச் சொல்லுங்க. சும்மா கையைக் கட்டிட்டு உக்கார முடியாது என்னால."

அப்படியே எழுதப்பட்டது. முதல் ஞாயிறு ஒன்பதேகாலுக்கு அவள் நாற்காலியில் இருந்தாள். பதினாறு மணி நேர வழி. பேருந்தை விடத் தேவலாம், இடுப்பு வலிக்கவில்லை என்றாள். பிறகு மேலே பார்த்து, அவர் சட்டையின் பின்பக்கம் நூல் தொங்குகிறது, ஆறு மணிக்கு இறங்கியதும் காட்டும்படி சொன்னாள். ஏழாவது படிக்கும் நாற்காலிக்கும் நடுவில் அன்று நிறையப் பேச்சு நடந்தது. வேட்டைக்காரர்கள் அதை விளையாட்டின் ஒரு பகுதி என்று நினைத்துக் கொஞ்ச நேரம் நின்று கேட்டார்கள். செயலி கொண்டுவந்து விடுமே தவிரத் திருப்பி அனுப்பாது. நான்கு ஞாயிறு மாலைகள் அவள் பேருந்தில் ஊர் திரும்பினாள். ஐந்தாவது ஞாயிறு வீட்டுச் சாவியைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். திங்கட்கிழமை பழைய தொழிற்சாலையில் போய் நின்றபோது, இத்தனை நாள் எங்கே போயிருந்தாய் என்று யாரும் கேட்கவில்லை. மேசை மேல் சட்டைகள் குவிந்திருந்தன.

ஐந்தாம் வருடம் ஒரு வியாழக்கிழமை பகல் அவர்களுக்குப் பெண் குழந்தை பிறந்தது. மருத்துவமனை வராந்தாவிலிருந்து பெயிண்டர் அன்று ஏழு முறை போனார், ஏழு முறை ஆட்டோ பிடித்துத் திரும்பினார். செய்தி ஏணியில் வந்தது. மூன்று நாள் கழித்து ஞாயிறு. அந்த ஞாயிறைப் பற்றி ஒருவரும் யோசித்திருக்கவில்லை. ஒன்பதேகாலுக்கு மனைவி மருத்துவமனை உடுப்போடு, கையில் கத்தரியோடு, சாய்வு நாற்காலியில் இருந்தாள். மடியில் இருந்த குழந்தை வரவில்லை. அது குறிப்பில் இல்லை. ஏழாவது படியில் பெயிண்டர் நின்றார், இறங்க முயன்றார், நின்றார். முன்னால் இருந்த ஓர் அலுவலகக் குழு படிகளை ஒவ்வொருவராக எண்ணிக்கொண்டிருந்தது.

"நாலு" என்றாள் மனைவி. "கையில கத்தரி. சீக்கிரம் தட்டிட்டுப் போங்கப்பா. பிள்ளை கட்டில்ல தனியா கெடக்கு."

அவர்கள் தட்டினார்கள். குழுவில் கார் ஓட்டுகிறவர் அவளை மருத்துவமனைக்குக் கொண்டுபோனார். நர்ஸ் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு வாசலிலேயே நின்றிருந்தாள். அன்று மட்டும் மனைவி ஆறு முறை போய் வந்தாள். அத்தனை முறையும் காரில் கொண்டுபோய் விட ஆள் இருந்தது.

குறிப்பெழுதும் பெண் கேள்விப்பட்டு மறுவாரமே வீட்டுக்கு வந்தாள். அந்த வருடத்துக்கான வரி இன்னும் எழுதப்படாமல் இருந்தது. குழந்தையை எழுதிவிடலாம், மடியில் ஒரு குழந்தை என்று போட்டால் போதும், மூவரும் சேர்ந்தே இருக்கலாம் என்றாள். பெயிண்டர் மனைவியைப் பார்த்தார். மனைவி தொட்டிலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். உள்ளே குழந்தை ஒரு காலைத் தூக்கி, வைத்து, மறுபடி தூக்கியது.

"மடியில கொழந்தைன்னு எழுதினா, அது மடியை விட்டு எறங்குமா?" என்று கேட்டாள் மனைவி.

குறிப்பெழுதும் பெண் அவர் நின்ற ஏழாவது படியை நினைத்துக்கொண்டாள் போலும். இறங்காது என்றாள்.

"அப்ப வேண்டாம். நாங்க தூக்கிட்டு வர்றோம். எழுதணும்னு இருந்தா மேல ஒரு பந்தல்னு எழுதுங்க. வெயில் தாங்கல."

பந்தல் திங்கட்கிழமை காலை வந்திருந்தது. கால்கள் நடைபாதையில் ஊன்றியிருந்தன, பள்ளம் தோண்டிய அடையாளம் இல்லை. நகராட்சி ஆள் ஒருவர் வந்து அளந்து குறித்துக்கொண்டு போனார்.

அதன் பிறகு ஞாயிறுதோறும் எட்டேமுக்காலுக்கே மூவரும் கிளம்பி நடந்தே வருகிறார்கள். செயலிக்கு இழுக்கிற வேலை இல்லை. பெயிண்டர் படி ஏறுகிறார். மனைவி உட்கார்ந்து கத்தரியை எடுக்கிறாள். குழந்தைக்கு இப்போது ஐந்து வயது. விடையில் அவள் இல்லாததால் வேட்டைக்காரர்கள் அவளைக் கவனிப்பதில்லை. கொஞ்ச நேரம் நாற்காலிக் காலைச் சுற்றி வருவாள். பிறகு தபால் பெட்டியைத் தாண்டி, சைக்கிள் நிறுத்தத்தைத் தாண்டி, மூலை திரும்பிப் போய்விடுவாள். மனைவி கத்தரியை நிறுத்திவிட்டு அந்த மூலையைப் பார்ப்பாள். பெயிண்டருக்கு ஏணியிலிருந்து இன்னும் கொஞ்ச தூரம் தெரியும், பாத்திரக் கடை வரைக்கும்.

"தெரியுறாளா?"

"இல்ல."

"சரி" என்பாள் மனைவி. மகள் பசித்தால் வருகிறாள்.